சாட்சியத்திற்குத் தவணை உண்டா?
('ஐஸ் ஆன் தி பிரைஸ்' ஆவணத் தொடரை முன்வைத்து)

கடந்துபோன ஒரு நிகழ்ச்சி பின்வந்தோரை அடைய எக்காலத்திலும் ஓர் அறிவிப்பாளர் வரிசை தேவைப்பட்டிருக்கிறது. கண்டவர் சொல்ல, கேட்டவர் எழுத, எழுதியதை மற்றொருவர் படியெடுக்க, செய்தி கைமாறிக் கைமாறியே நம்மிடம் வருகிறது. இருபதாம் நூற்றாண்டில் இவ்வரிசையில் அசையும் படமும் ஓர் அறிவிப்பாளராக வந்து சேர்ந்தது. இன்று வரலாற்று ஆவணப்படங்களில் நாம் காணும் காட்சிகளுள் பெரும்பாலானவை அப்படத்தின் இயக்குநர் எடுத்தவை அல்ல. செய்தி நிறுவனங்களும் தொலைக்காட்சி நிலையங்களும் என்றோ எடுத்துப் பெட்டிகளில் அடுக்கி வைத்தவை அவை. அவற்றைத் தேடிக் கண்டெடுத்து, உடையவரிடம் கட்டணம் செலுத்தி, உரிமம் பெற்றே படத்தில் சேர்க்கின்றனர். இவற்றை ஆவணக் காட்சிகள் என்று இக்கட்டுரையில் குறிப்பிடுவோம்.

ஆவணக் காட்சி ஒன்றைக் காணும்போது எழ வேண்டிய கேள்விகள் இரண்டு. இது யாரிடமிருந்து வந்தது? யாருடைய அனுமதியோடு வந்தது? ஹதீஸ் கலையைப் பயின்றோருக்கு இக்கேள்விகள் புதியன அல்ல. முதற்கேள்விக்கான விடையை ஸனது என்றும், இரண்டாவதற்கான விடையை இஜாஸா என்றும் நம் முன்னோர் அழைத்தனர். திரைத்துறையில் இஜாஸாவுக்கு வழக்கறிஞர்களும் ஒப்பந்தங்களும் உள்ளன. ஸனதைக் கேட்பார் அரியர். அந்த இஜாஸாவும் அறிவைக் காப்பதற்கு மாறாக அதனைத் தவணைக்கு விடும் ஏற்பாடாக ஆகிவிட்டது. இதனை அத்துறையின் தலைசிறந்த படைப்புகளுள் ஒன்றைக் கொண்டே ஆராய்வோம்.

'ஐஸ் ஆன் தி பிரைஸ்' அமெரிக்கக் கறுப்பின மக்களின் உரிமைப் போராட்டத்தை 14 பகுதிகளில் எடுத்துரைக்கும் தொடர். ஹென்றி ஹாம்ப்டன் (1940–1998) என்னும் கறுப்பினத் தயாரிப்பாளர், தாம் 1968இல் பாஸ்டன் நகரில் நிறுவிய பிளாக்சைடு நிறுவனத்தின் வாயிலாக இதனை உருவாக்கினார். 1954 முதல் 1965 வரையிலான வரலாற்றைக் கூறும் ஆறு பகுதிகள் 1987இலும், அதன்பின் 1980களின் நடுப்பகுதி வரை விரியும் எட்டுப் பகுதிகள் 1990இலும் பி.பி.எஸ். என்னும் பொதுத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பாயின. எம்மெட் டில் என்ற 14 வயதுச் சிறுவன் 1955இல் மிசிசிப்பியில் கொலையுண்டது, மாண்ட்காமரி பேருந்துப் புறக்கணிப்பு, பர்மிங்ஹாம் வீதிகளில் சிறார் மீது காவல் நாய்களும் தீயணைப்புக் குழாய்களும் ஏவப்பட்டது, செல்மா நகரப் பாலத்தில் நடந்த தடியடி ஆகியன முதற்பாகத்தில் இடம்பெறுகின்றன. இரண்டாம் பாகம் மால்கம் எக்ஸ் என்னும் அல்ஹாஜ் மாலிக் அஷ்ஷபாஸிலிருந்து தொடங்குகிறது. கேஷியஸ் கிளே முஹம்மத் அலியாக மாறிய வரலாறும் அப்பாகத்தில் உண்டு.

இத்தொடரின் பெருஞ்சிறப்பு அது தேர்ந்துகொண்ட சாட்சிகளில் இருக்கிறது. பேராசிரியர்களை அமர்த்தி விளக்கம் சொல்ல வைப்பது ஆவணப்படங்களின் வழக்கம். ஹாம்ப்டன் அதனைத் தவிர்த்து, நிகழ்ச்சியில் பங்கேற்றவர்களையும் நேரில் கண்டவர்களையும் பேசச் செய்தார். போராடியவர்களை மட்டுமல்லாமல் அவர்களை எதிர்த்து நின்ற அலபாமா ஆளுநர் ஜார்ஜ் வாலஸ், செல்மாவில் தடியடிக்குப் பெயர்போன ஷெரீஃப் ஜிம் கிளார்க் போன்றோரையும் அழைத்து அவர்கள் வாய்மொழியைப் பதிவு செய்தார். அந்நேர்காணல்களின் முழு வடிவம் செயிண்ட் லூயிஸ் நகரின் வாஷிங்டன் பல்கலைக்கழகத்தில் பாதுகாக்கப்பட்டு ஆய்வாளர்களுக்குத் திறந்து வைக்கப்பட்டுள்ளது. படத்தில் இரண்டு மணித்துளிகள் வரும் ஒருவரின் கூற்றை, அவர் சொன்ன முழுமையோடு ஒப்பிட்டுப் பார்க்க எவருக்கும் இயலும். அறிவிப்பாளரைப் பெயர் சொல்லி நிறுத்தி, அவர் கூற்றின் மூலத்தையும் சோதனைக்கு வைப்பதே ஸனதின் ஒழுக்கம். அவ்வொழுக்கத்தை இத்தொடர் தன் நேர்காணல்களில் கடைப்பிடித்திருக்கிறது.

ஆனால் ஆவணக் காட்சிகளில் அதே தெளிவை நாம் காணவில்லை. பேசுபவரின் பெயர் திரையில் எழுதப்படுகிறது. அவருக்கு முன்னும் பின்னும் ஓடும் காட்சியை எடுத்தவர் யார், எந்த நிலையத்திற்காக எடுத்தார் என்பது அவ்விடத்தில் சொல்லப்படுவதில்லை. இறுதியில் விரைந்தோடும் நன்றிப் பட்டியலில் நிறுவனங்களின் பெயர்கள் வருகின்றன. எந்தக் காட்சி எவருடையது என்று அதிலிருந்து பிரித்தறிய முடியாது. இது இத்தொடருக்கு மட்டும் உரிய குறை அன்று, இத்துறையின் பொது வழக்கம். ஆயினும் சாட்சியத்தில் இத்தனை கவனம் காட்டிய படைப்பில் இக்குறை கூடுதலாகவே கண்ணில் படுகிறது.

இது ஏன் குறையாகிறது என்பதற்கு ஒரு சான்று காட்டுவோம். 1959ஆம் ஆண்டு ஜூலை மாதம் நியூயார்க் தொலைக்காட்சி நிலையம் ஒன்று, மைக் வாலஸ், லூயிஸ் லோமாக்ஸ் ஆகிய இருவரும் உருவாக்கிய நிகழ்ச்சியை ஐந்து பகுதிகளாக ஒளிபரப்பியது. 'வெறுப்பு ஈன்ற வெறுப்பு' என்பது அதன் தலைப்பின் பொருள். மால்கம் எக்ஸையும் அவர் அப்போது சார்ந்திருந்த இயக்கத்தையும் வெள்ளை அமெரிக்கா முதன்முதலாகப் பரவலாக அறிந்தது இதன் வழியேதான். நிகழ்ச்சி எழுப்பிய அச்சத்தை அதன் தலைப்பே சொல்லிவிடுகிறது. மால்கம் தம் தன்வரலாற்றில் இதனைக் குறைகூறியிருக்கிறார். பிற்காலத்தில் அவரைப் பற்றி எழுந்த பல ஆவணப்படங்கள் இந்நிகழ்ச்சியின் துண்டுகளை எடுத்தாண்டுள்ளன. அத்துண்டுகளில் தோன்றும் முகமும் குரலும் மால்கமுடையவையே. ஆனால் எந்தச் சொல்லைத் தொடங்கி எந்தச் சொல்லில் வெட்டுவது, எதற்கு அடுத்து எதனை வைப்பது என்று தீர்மானித்தவர் அவர் அல்லர்.

சார்புடைய அறிவிப்பாளரைக் குறித்து ஹதீஸ் கலை அறிஞர்கள் வகுத்த விதி இங்குப் பயன்தரும். சார்புடையவர் என்பதற்காக ஒருவரின் அறிவிப்புகள் அனைத்தையும் அவர்களுள் பெரும்பாலோர் தள்ளிவிடவில்லை. அவர் வாய்மையாளராக இருப்பின் ஏற்றனர். தம் சார்புக்கு வலுச்சேர்க்கும் வகையில் அவர் அறிவிப்பதை மட்டும் விலக்கி வைத்தனர். அவ்வாறு தரம் பிரிக்க, அறிவிப்பவர் இன்னார் என்பது முதலில் தெரிந்திருக்க வேண்டும். பகைமை கலந்த கண் எடுத்த காட்சியையும் பயன்படுத்தலாம். எடுத்த கண் எது என்பதை மறைத்துப் பயன்படுத்துவதே பிழை.

காட்சிகள் இல்லாத இடங்களும் இதே கேள்விக்கு உட்பட்டவை. அக்காலத்து அமெரிக்கத் தொலைக்காட்சி, மோதல் நிகழும் இடத்தையே தேடிச் சென்றது. மால்கம் 1964இல் ஹஜ் சென்றபோது அவர் உள்ளத்தில் நிகழ்ந்த மாற்றத்தை நாம் அவருடைய கடிதங்களின் வழியாகவே அறிகிறோம். நியூயார்க் நிலையங்களின் கேமராக்கள் அவருடன் மக்காவுக்குச் செல்லவில்லை. எம்மெட் டில் கொலையுண்ட இரவில் எந்தக் கேமராவும் இல்லை. சிதைந்த முகத்தை உலகம் காணட்டும் என்று அவனுடைய தாயார் சவப்பெட்டியைத் திறந்து வைக்கச் செய்ததனால்தான் 'ஜெட்' இதழில் அப்படம் வெளிவந்தது. ஆவணக் காட்சியை மட்டும் நம்பி வரலாறு சொல்பவர், கேமரா சென்ற இடங்களின் வரலாற்றையே சொல்ல நேரும். இத்தொடர் அப்பள்ளத்தை நேர்காணல்களால் பெருமளவு நிரப்பிக்கொண்டது அதன் பெருமை.

ஸனது தெரியாத காட்சி எவ்வளவு எளிதில் ஏமாற்றக்கூடும் என்பதற்கு வேறொரு நாட்டுப் படத்தையும் நினைவுகூரலாம். ஜில்லோ பொண்டெகோர்வோவின் 'அல்ஜியர்ஸ் போர்' (1966) முழுவதும் நடித்து எடுக்கப்பட்ட படம். ஆயினும் செய்திச் சுருளைப் போன்றே தோற்றம் அளித்ததனால், இதில் ஓர் அடி செய்திச் சுருளும் இல்லை என்ற அறிவிப்போடு அமெரிக்காவில் திரையிட வேண்டியதாயிற்று. அன்று அதற்கு ஒரு கலைஞனின் நெடிய உழைப்பு தேவைப்பட்டது. இன்று நிகழாத ஒன்றைப் பழைய சுருள் போலவே செயற்கை நுண்ணறிவால் உருவாக்கிவிடலாம். அமெரிக்க ஆவணக் காட்சித் தயாரிப்பாளர்களின் கூட்டமைப்பு 2024இல் இது குறித்து நெறிமுறைகளை வெளியிட நேர்ந்தது இதனாலேயே.

இனி, இஜாஸாவுக்கு வருவோம். ஆவணக் காட்சிக்கு உரிமம் பெறும் முறை பின்வருமாறு அமைகிறது. ஆய்வாளர் ஒருவர் காப்பகங்களின் பட்டியல்களைத் துருவித் தேவையான காட்சியைக் கண்டறிகிறார். காப்பகம் பார்வைப் பிரதி ஒன்றைத் தருகிறது. அதன்மேல் நிறுவனத்தின் முத்திரையும் ஓடும் கால எண்களும் பதிந்திருக்கும். இறுதித் தொகுப்பில் எத்தனை விநாடிகள் இடம்பெறுகின்றனவோ அதற்கேற்பக் கட்டணம் விதிக்கப்படும். எந்த நாடுகளில், எந்த ஊடகத்தில், எத்தனை ஆண்டுகளுக்கு என்ற மூன்று எல்லைகளை ஒப்பந்தம் வரையறுக்கும். எல்லை விரிய விரியக் கட்டணம் உயரும். காட்சியில் பாட்டு ஒலித்தால் பாட்டின் உரிமையாளரிடம் தனி அனுமதி பெற வேண்டும். இவையனைத்தும் தீர்க்கப்பட்டதற்குச் சான்று காட்டினாலன்றிக் காப்பீடு கிடைக்காது. காப்பீடு இன்றித் தொலைக்காட்சி நிலையங்கள் படத்தை ஏற்பதில்லை.

பணத்திற்குத் திண்டாடிய ஹாம்ப்டனின் நிறுவனத்தால் பல காட்சிகளுக்கும் நிழற்படங்களுக்கும் பாடல்களுக்கும் குறுகிய கால உரிமத்தையே வாங்க முடிந்தது. 1990களின் நடுப்பகுதியில் அத்தவணைகள் முடிந்தன. அத்துடன் இத்தொடரை ஒளிபரப்பவோ, புதிய பிரதிகள் எடுத்து விற்கவோ வழியில்லாமற்போயிற்று. பள்ளிகளிலும் நூலகங்களிலும் தேய்ந்துகொண்டிருந்த பழைய ஒளிநாடாக்களே எஞ்சின. ஹாம்ப்டன் 1998இல் மறைந்தபோது அவருடைய தலையாய படைப்பு இந்நிலையிலேயே இருந்தது. தடை போட்டவர் எவருமில்லை. தணிக்கை செய்தவர் எவருமில்லை. ஒப்பந்தத்தில் எழுதிய நாள் வந்தது, சாட்சியம் வாய் மூடியது.

2005ஆம் ஆண்டு பிப்ரவரியில், கைவசம் உள்ள பழைய பிரதிகளை வீடுகளிலும் மன்றங்களிலும் திரையிடுமாறு ஓர் இயக்கத்தினர் அழைப்பு விடுத்தனர். அவ்வாண்டில் ஃபோர்டு அறக்கட்டளை 6,00,000 டாலரும் தனிக் கொடையாளர் ஒருவர் 2,50,000 டாலரும் உரிமங்களைப் புதுப்பிக்க நல்கினர். முதற்பாகம் 2006இலும் இரண்டாம் பாகம் 2008இலும் மீண்டும் ஒளிபரப்பாயின. மார்ட்டின் லூதர் கிங்கின் பிறந்தநாளில் தோழர்கள் அவருக்கு வாழ்த்துப் பாடும் காட்சி ஒன்று இத்தொடரில் உண்டு. யாவரும் அறிந்த அப்பிறந்தநாள் பாட்டுக்கும் ஓர் இசை நிறுவனம் உரிமை கொண்டாடி வந்தது. அந்நிறுவனத்தின் உரிமைக்கோரல் செல்லாது என்று 2015இல்தான் நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

இவ்விடத்தில் மறுதரப்பு வாதத்தையும் நடுநிலையோடு எடை போட வேண்டும். படச்சுருள் தானாகப் பிழைத்திருப்பதில்லை. அசிட்டேட் சுருள் புளித்த வாடை வீசிச் சுருங்கும். காந்த நாடா உதிரும். அவற்றைக் குளிர்ந்த அறையில் வைத்து, பட்டியலிட்டு, எண்ணிம வடிவுக்கு மாற்றுவோருக்கு ஊதியம் தர வேண்டும். தொலைக்காட்சி நிலையங்கள் பழைய நாடாக்களை அழித்து மறுபடி பயன்படுத்திய காலமும் உண்டு. விற்கலாம் என்ற எண்ணமே எத்தனையோ சுருள்களைக் குப்பைத்தொட்டியிலிருந்து காத்திருக்கிறது. எனவே கட்டணமே கூடாது என்பது நியாயமன்று.

ஹதீஸ் அறிவிக்க ஊதியம் பெறலாமா என்ற விவாதம் நம் முன்னோரிடையேயும் நிகழ்ந்தது. இமாம் அஹ்மத் (ரஹ்), இஸ்ஹாக் இப்னு ராஹவைஹி (ரஹ்) போன்றோர் ஊதியம் பெறுபவரிடமிருந்து அறிவிப்பை ஏற்க மறுத்தனர். அபூ நுஐம் அல்ஃபழ்ல் இப்னு துகைன் (ரஹ்) போன்றோர் அதனை அனுமதித்தனர். பிற்காலத்தில் அபுல் ஹுஸைன் இப்னுந் நகூர் என்பார், மாணவர் கூட்டம் ஓயாது சூழ்ந்துகொண்டதனால் குடும்பத்திற்காகப் பொருளீட்ட இயலாது தவித்தபோது, அவர் ஊதியம் பெறலாம் என்று அபூ இஸ்ஹாக் அஷ்ஷீராஸி (ரஹ்) தீர்ப்பு வழங்கினார். இதனை இப்னுஸ் ஸலாஹ் (ரஹ்) தம் முகத்திமாவில் பதிவு செய்திருக்கிறார். இத்தீர்ப்பின் காரணத்தை வாசகர்கள் கூர்ந்து நோக்க வேண்டும். செலவிட்ட நேரத்திற்கும் இழந்த வருவாய்க்குமே அவ்வூதியம் ஈடாக அமைந்தது. செய்தி அவருடைய உடைமை என்று எவரும் கருதவில்லை. ஊதியம் கொடுத்துக் கேட்ட மாணவர் பத்தாண்டு கழித்து வாய் மூட வேண்டும் என்ற நிபந்தனையும் இல்லை. தகுதியுடையவர் பிழையின்றி மேலும் எடுத்துச் செல்லட்டும் என்பதற்கே இஜாஸா தரப்பட்டது. இன்றைய உரிமமோ எடுத்துச் செல்வதை நிறுத்துவதற்கும் நாள் குறிக்கிறது. காப்பகத்தின் உழைப்புக்குக் கூலி தருவோம். பொது நிகழ்ச்சி ஒன்றின் சாட்சியத்திற்குக் காலந்தோறும் குத்தகை கேட்பதை அவ்வுழைப்பின் பெயரால் நியாயப்படுத்த முடியாது.

உரிமை எனப்படுவது யாரிடம் போய்ச் சேர்கிறது என்பதையும் காண்போம். 1965 மார்ச் 7ஆம் நாள் செல்மா பாலத்தில் ஏறத்தாழ 600 பேர் வாக்குரிமை கோரி நடந்தனர். அலபாமா மாநிலப் படையினர் அவர்களைத் தடியாலும் கண்ணீர்ப் புகையாலும் தாக்கினர். அன்றிரவு ஏ.பி.சி. தொலைக்காட்சி, நாஜிகளின் மீதான விசாரணை பற்றிய திரைப்படம் ஒன்றை இடைநிறுத்தி இக்காட்சியைக் காட்டியது. நாடு கொதித்தெழுந்தது, ஆகஸ்டு மாதத்தில் வாக்குரிமைச் சட்டம் கையெழுத்தாயிற்று. வரலாற்றைத் திருப்பிய அக்காட்சிக்கு உடையவர் அதனை எடுத்த நிறுவனம். மண்டை உடைந்து வீழ்ந்த ஜான் லூயிஸுக்கோ அவருடன் நடந்த ஏனையோருக்கோ அதில் பங்கில்லை.

கிங்கின் உரைகளில் நிலைமை வேறு. அவர் 1963இல் வாஷிங்டனில் ஆற்றிய உரையை சி.பி.எஸ். நிறுவனம் தன் சொந்தப் பதிவிலிருந்தே ஓர் ஆவணத் தொடரில் பயன்படுத்தியது. கிங்கின் வாரிசுகள் வழக்குத் தொடுத்தனர். பெருங்கூட்டத்தின் முன் பேசியதனால் மட்டும் உரை பொதுச்சொத்தாகிவிடாது என்று மேல்முறையீட்டு நீதிமன்றம் 1999இல் கூறியது. மறு ஆண்டில் இரு தரப்பினரும் சமரசம் செய்துகொண்டனர். அவ்வுரைகளின் திரைப்பட உரிமை வேறொரு நிறுவனத்திடம் இருந்ததனால், 'செல்மா' (2014) திரைப்படத்தில் கிங் தம் சொந்தச் சொற்களைப் பேச முடியாமற்போயிற்று; இயக்குநர் ஆவா டுவெர்னே அவற்றைப் போன்ற உரைகளைப் புதிதாக எழுதிக்கொண்டார். பேசிய நாவுக்கு உரிமை உண்டு, அடிபட்ட முதுகுக்கு உரிமை இல்லை என்று சட்டம் நிற்கிறது. இவ்விரண்டு நிலைகளிலும் சிறுவர்களுக்கு அவ்வரலாற்றைக் காட்ட விரும்பும் ஆசிரியரின் தேவை எவருடைய கணக்கிலும் வரவில்லை.

இதற்குத் தீர்வு இல்லாமலில்லை. அமெரிக்கச் சட்டத்தில் நியாயமான பயன்பாடு என்ற விதிவிலக்கு முன்பிருந்தே உண்டு. வழக்குக்கு அஞ்சி அதனைப் பயன்படுத்தத் துணியாதோரே மிகுதி. 2005 நவம்பரில் ஆவணப்பட இயக்குநர்களின் அமைப்புகள் ஒன்றுகூடி, எவ்வகைப் பயன்பாடு நியாயமானது என்பதற்கு ஓர் அறிக்கை வெளியிட்டன. அதன்பின் காப்பீட்டு நிறுவனங்களும் அவ்விதிவிலக்கை ஏற்கத் தொடங்கின. அமெரிக்க நடுவண் அரசு தானே எடுக்கும் படங்களுக்கு அந்நாட்டில் பதிப்புரிமை இல்லை. நம் நாட்டின் 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம் திரைப்படத்திற்கு 60 ஆண்டுகள் காப்பளிக்கிறது. திறனாய்வுக்கும் நடப்புச் செய்திக்கும் நியாயமான கையாளுகையை அதன் 52ஆம் பிரிவு அனுமதிக்கிறது. சட்டம் திறந்து வைத்துள்ள இவ்வாயில்களைப் படைப்பாளிகள் அறிந்து பயன்படுத்த வேண்டும்.

உடையவர் இன்னார் என்றே தெரியாத சுருள்களும் ஏராளம். அவற்றை என் செய்வது? ஹதீஸைப் பெறும் வழிகள் எட்டு என்று இப்னுஸ் ஸலாஹ் (ரஹ்) வகுத்தார். அவற்றுள் இறுதியானது விஜாதா. நேரில் கேட்காமலும் அனுமதி பெறாமலும் ஒருவரின் எழுத்தைக் கண்டெடுப்பது. அவ்வாறு கண்டெடுத்தவர் 'அவர் எமக்கு அறிவித்தார்' என்று சொல்லலாகாது. 'இன்னாருடைய எழுத்தில் இவ்வாறு கண்டோம்' என்றே சொல்ல வேண்டும். கிடைத்ததைத் தள்ளிவிடவும் இல்லை, கிடைத்த விதத்தை மறைக்கவும் இல்லை. உரிமையாளர் அறியப்படாத காட்சிக்கு இதனினும் நேர்மையான விதியை நாம் அறியோம்.

'ஐஸ் ஆன் தி பிரைஸ்' பத்தாண்டுக்கும் மேலாக மௌனமாக்கப்பட்டும் மீண்டு வந்தது, அதன் பெயரும் புகழும் கொடையாளர்களைத் தேடித் தந்ததனால். அத்தகைய புகழ் வாய்க்காத சிறிய படங்கள் தவணை முடிந்ததும் ஓசையின்றி மறைகின்றன. அவற்றுக்காக அழைப்பு விடுவோர் இல்லை. ஆகவே ஆவணப்படம் எடுக்கப் புகும் இளைஞர்களிடம் நாம் இரண்டைக் கேட்டுக்கொள்வோம். ஒவ்வொரு காட்சிக்கும் எடுத்தவர், எடுத்த நாள், பெற்ற இடம் ஆகியவற்றை எழுதி வையுங்கள். இயன்றவரை திரையிலும் காட்டுங்கள். உரிமம் பெறும்போது விநாடிகளைக் குறைத்தேனும் காலவரையற்ற அனுமதியைப் பெறுங்கள். காப்பகங்களை நடத்துவோரிடமும் ஒன்று சொல்வோம்: உங்கள் பெட்டிகளில் இருப்பவை மற்றவர்களின் துயரமும் துணிவும். அவற்றைக் காத்தமைக்குக் கூலி பெறுங்கள். அவை அமானிதம் என்பதை மட்டும் மறவாதிருங்கள்.